செர்டிக்கின் 19 ஆண்டுகள்: ஆங்கிலோ-சாக்சன் அரசர் பட்டியலை வாசிக்கும் முறை

இங்கிலாந்தின் தொடக்க கால அரசர்களைப் பற்றித் தேடினால் முதலில் கையில் கிடைப்பது ஒரு பட்டியல்தான். 449ல் ஹெங்கிஸ்டும் ஹோர்சாவும் கென்ட்டில் இறங்கினார்கள். 477ல் எல்லே சசெக்ஸுக்கு வந்தார். 495ல் செர்டிக் வந்து வெசெக்ஸுக்கு அடித்தளம் போட்டார். 547ல் இடா வடக்கே அரியணை ஏறினார். கூடவே ஏழு அரசுகளுக்கு ஏழு நிறம் பூசிய வரைபடம் ஒன்றும் இருக்கும். பார்க்கக் கச்சிதமாகத்தான் இருக்கிறது. ஆனால் இந்த ஆண்டுகளில் ஒன்றுகூட சம்பவம் நடந்த காலத்தில் எழுதி வைக்கப்பட்டதல்ல.

யார், எப்போது எழுதினார்கள் என்பதை முதலில் பார்த்துவிடுவோம். ரோமானிய ஆட்சி பிரிட்டனில் 410 வாக்கில் முடிந்தது. அதற்குப் பின் 6ஆம் நூற்றாண்டில் கில்டாஸ் என்ற பிரிட்டானியத் துறவி, தன் மக்களின் பாவங்களைச் சாடி ஒரு நூல் எழுதினார். வட கடலுக்கு அப்பாலிருந்த ஜெர்மானியக் குடிகளான சாக்சன்கள் கூலிப்படையாக அழைக்கப்பட்டதையும், பிறகு அவர்கள் கலகம் செய்ததையும் அவர் சொல்கிறார். ஆனால் ஒரு சாக்சன் அரசனின் பெயரைக்கூட அவர் குறிப்பிடவில்லை. அடுத்து ஜாரோ மடத்துத் துறவி பீட். அவருடைய திருச்சபை வரலாறு 731ல் முடிந்தது. மூன்றாவது, ஆங்கிலோ-சாக்சன் ஆண்டுக்குறிப்பு. இது ஆல்ஃபிரட் அரசர் காலத்தில், 890களில், வெசெக்ஸில் தொகுக்கப்பட்டது. 495ல் நடந்ததாகச் சொல்லும் ஒன்றுக்கும் அதைச் சொல்லும் நூலுக்கும் இடையே நான்கு நூற்றாண்டு. அந்த நூலைத் தொகுக்க வைத்தவர்களோ செர்டிக்கின் வாரிசு என்று சொல்லிக்கொண்டவர்கள்.

ஆகவே பட்டியலில் ஒரு பெயரைப் பார்த்ததும் “இவர் எப்போது ஆண்டார்” என்று கேட்பதைத் தள்ளிவைத்து, “இவர் இங்கே இருப்பதால் யாருக்கு லாபம்” என்று கேட்பது நல்லது. மெய்க்கீர்த்திகளைப் படித்துப் பழகியவர்களுக்கு இது புதிய பாடமல்ல.

வெசெக்ஸ்: கணக்கு எங்கே உதைக்கிறது

ஆண்டுக்குறிப்பின் வெசெக்ஸ் பதிவுகளை வரிசையாக வைத்துப் பார்த்தால் தையல் தெரியும். 495: செர்டிக்கும் அவர் மகன் கின்ரிக்கும் ஐந்து கப்பல்களில் செர்டிக்கெஸோரா என்ற கரையில் இறங்கி, அன்றே பிரிட்டானியர்களோடு போரிட்டார்கள். 501: போர்ட் என்பவர் இரண்டு மகன்களோடு இரண்டு கப்பல்களில் போர்ட்ஸ்மத்துக்கு வந்தார். 508: நாட்டன்லியோட் என்ற பிரிட்டானிய அரசனும் அவனோடு 5,000 பேரும் கொல்லப்பட்டார்கள். 514: “மேற்கு சாக்சன்கள்”, அதாவது வெசெக்ஸ்காரர்கள், மூன்று கப்பல்களில் வந்தார்கள், இறங்கிய இடம் அதே செர்டிக்கெஸோரா, போரிட்டவர்கள் ஸ்டஃப், விட்கார். 519: செர்டிக்கும் கின்ரிக்கும் அரசைக் கைப்பற்றினார்கள். 530: வைட் தீவைப் பிடித்தார்கள். 534: செர்டிக் இறந்தார்.

போர்ட்ஸ்மத்தின் பெயரில் இருப்பது துறைமுகத்தைக் குறிக்கும் லத்தீன் சொல். அந்த ஊருக்குப் பெயர் கொடுக்க ஒரு ஆள் வேண்டும் என்று பிற்காலத்தில் உருவாக்கப்பட்டவரே போர்ட். விட்கார் வைட் தீவிலிருந்தும் நாட்டன்லியோட் நெட்லி என்ற இடத்திலிருந்தும் அதே வழியில் பிறந்தவர்கள். ஊர்ப் பெயரிலிருந்து ஆளைச் செய்வது அந்தக் காலத்து வழக்கமான உத்தி. ஆக இந்த மூவரையும் அடித்துவிடலாம்.

இதைவிடச் சுவையானது ஆண்டுகளின் கணக்கு. ஒரே கரையில் இரண்டு தடவை தரையிறக்கம்: 495, 514. இடைவெளி 19. ஆண்டுக்குறிப்போடு சேர்ந்து வரும் மேற்கு சாக்சன் அரசர் பட்டியலோ, செர்டிக் 494ல் இறங்கி ஏறக்குறைய ஆறு ஆண்டுகளில் நாட்டைப் பிடித்தார் என்கிறது. அதாவது 500. ஆண்டுக்குறிப்பில் அது 519. மறுபடியும் 19. இது தற்செயல் அல்ல. மடங்களில் ஈஸ்டர் எந்த நாளில் வரும் என்று கணிக்க அட்டவணைகள் வைத்திருந்தார்கள். நிலவின் சுழற்சி 19 ஆண்டுக்கு ஒருமுறை திரும்பும் என்பதால், 19 வரிகள் ஒரு சுற்று. அந்த அட்டவணையின் ஓரத்தில்தான் “இன்ன ஆண்டு இன்ன அரசர் இறந்தார்” என்று குறித்து வைப்பார்கள். பழைய தகவல் ஒன்றை அதில் ஏற்றும்போது ஒரு சுற்று தள்ளி எழுதிவிட்டால் 19 ஆண்டு பிசகும். இரண்டு இடத்திலும் ஏறிவிட்டால் ஒரே சம்பவம் இரண்டாகிவிடும். செர்டிக்குக்கு நேர்ந்தது இதுதான்.

ஆட்சி ஆண்டுகளிலும் இதே குளறுபடி. சியாவ்லின் என்ற அரசருக்கு ஆண்டுக்குறிப்பு முப்பது ஆண்டுக்கு மேல் கொடுக்கிறது. அரசர் பட்டியலின் பிரதிகளோ சில 7 என்கின்றன, சில 17 என்கின்றன. பட்டியலின் ஆட்சிக் காலங்களை, நன்றாகத் தெரிந்த 7ஆம் நூற்றாண்டு ஆண்டு ஒன்றிலிருந்து பின்னோக்கிக் கழித்துக்கொண்டே போனால் செர்டிக்கின் தொடக்கம் 538 வாக்கில் வந்து நிற்கிறது. அப்படியானால் 495ஐ நோக்கி அவரை இழுத்தது யார்? பரம்பரைக்குப் பழமை கூட்ட விரும்பிய வெசெக்ஸ் அரசவை. எல்லேயின் 477க்கும் ஹெங்கிஸ்டின் 449க்கும் பக்கத்தில் தங்கள் மூதாதையும் நிற்க வேண்டுமே.

இடமும் உதைக்கிறது. ஆண்டுக்குறிப்பின்படி செர்டிக் வந்தது ஹாம்ஷையர் கடற்கரைக்கு. ஆனால் பீட், அந்தக் கரையிலும் வைட் தீவிலும் குடியிருந்தவர்கள் ஜூட்டுகள் என்ற வேறொரு ஜெர்மானியக் குடி என்கிறார். மேற்கு சாக்சன்களின் பழைய பெயர் கெவிஸ்ஸே என்றும் அவரே சொல்கிறார். இந்தக் கெவிஸ்ஸேக்களின் முதல் ஆயர் பிரினஸுக்கு 635 வாக்கில் கிடைத்த தலைமை இடம் தேம்ஸ் ஆற்றின் மேல்பகுதியில் இருக்கும் டார்செஸ்டர். முதல் சாக்சன் புதைகுழிகள் திரளாகக் கிடைப்பதும் அந்தப் பக்கம்தான். தெற்குக் கடற்கரை இவர்கள் கைக்கு வந்தது பிறகு. 686ல் வெசெக்ஸ் அரசர் காட்வாலா வைட் தீவைப் பிடித்து, அதன் அரசன் ஆர்வால்டின் தம்பிகள் இருவரைத் தேடிப்பிடித்துக் கொன்றார். ஞானஸ்நானம் கொடுத்துவிட்டுக் கொன்றார்கள் என்று பீட் பதிவு செய்கிறார். அந்த வெற்றிக்குப் பிறகு “530லேயே இது எங்கள் செர்டிக் பிடித்த தீவு” என்ற கதை எவ்வளவு வசதி என்று பாருங்கள்.

இன்னொன்று: செர்டிக் என்பதே ஜெர்மானியப் பெயரல்ல, பிரிட்டானியப் பெயர். காட்வாலாவும் அப்படித்தான். சாக்சன் படையெடுப்பின் நாயகனாக நிற்பவரின் பெயர் எதிரணியின் பெயர். இந்த அரச குடும்பம் எப்படி உருவானது என்பதற்கு, கப்பல் கதைகளைவிட இந்தப் பெயர் நல்ல சாட்சி.

கதைகள் கட்டியவை என்பதால் குடியேற்றமே நடக்கவில்லை என்று எடுத்துக்கொள்ளக் கூடாது. அது எதிர்ப்பக்கத் தவறு. 2022ல் வெளியான பழங்கால மரபணு ஆய்வு, கிழக்கு, தெற்கு இங்கிலாந்தில் அந்தக் காலத்தில் புதைக்கப்பட்டவர்களின் வம்சத்தில் 76 விழுக்காடு வரை வட கடலுக்கு அப்பாலிருந்து வந்தது என்று காட்டியது. மக்கள் வந்தார்கள். அரசர்கள் பின்னால் எழுதிச் சேர்க்கப்பட்டார்கள்.

வோடன் வரை போகும் கொடிவழி

அரச வம்சாவளிகள் எல்லாம் வோடன் என்ற கடவுளில் போய் முடியும். எசெக்ஸ் மட்டும் விலகி சீக்ஸ்நெட் என்ற கடவுளைப் பிடித்துக்கொண்டது. கென்ட் அரசர்கள் ஆயிஸ்க் வழி, கிழக்கு ஆங்கிலியா அரசர்கள் வுஃபா வழி, நடு இங்கிலாந்தின் மெர்சியா அரசர்கள் ஐகெல் வழி என்று தங்களை அழைத்துக்கொண்டார்கள். இந்த மூன்று பெயர்களுக்குக் கீழே வருவதை ஓரளவு மதிக்கலாம். மேலே இருப்பது அலங்காரம்.

அலங்காரம் எப்படிச் செய்தார்கள் என்பதற்கு வெசெக்ஸ் வம்சாவளியே போதும். செர்டிக்குக்கு மேலே கெவிஸ் என்றொரு மூதாதை இருக்கிறார். அது கெவிஸ்ஸே மக்களின் பெயரை ஆளாக்கியது. அதற்கும் மேலே பிராண்ட், பெல்டெக், வோடன் என்று போகிறது. வடக்கே பெர்னிசியாவின் வம்சாவளியை எடுங்கள்: அங்கும் உச்சியில் பிராண்ட், பெல்டெக், வோடன். ஒரு வீட்டுக் கூரையைக் கழற்றி இன்னொரு வீட்டுக்கு மாட்டியிருக்கிறார்கள். கிழக்கு ஆங்கிலியா இன்னும் ஒரு படி போய், வோடனின் மகனாகச் சீசரையே சேர்த்துக்கொண்டது. ரோமும் வேண்டும், வோடனும் வேண்டும்.

597க்குப் பிறகும் கவனம் வேண்டும்

597ல் ரோமிலிருந்து கிறிஸ்தவத்தைப் பரப்ப அனுப்பப்பட்ட துறவி அகஸ்டின் சுமார் நாற்பது பேரோடு கென்ட்டின் தானெட் தீவில் இறங்கினார். எழுத்து வந்துவிட்டது, இனி ஆண்டுகள் சரியாக இருக்கும் என்று நினைக்கத் தோன்றும். அப்போது கென்ட்டை ஆண்ட எதல்பெர்ட்டையே பாருங்கள். அவர் 616 பிப்ரவரி 24ல் இறந்தார், 56 ஆண்டு ஆண்டார் என்கிறார் பீட். அப்படியானால் 560ல் பட்டம் ஏறியிருக்க வேண்டும். ஆனால் அதே காலத்தில் பிரான்க் நாட்டில் (இன்றைய பிரான்ஸ் பகுதி) வாழ்ந்த தூரின் கிரிகோரி, எதல்பெர்ட்டின் மனைவி பெர்த்தாவைப் பற்றி எழுதும்போது, அவளைக் கட்டியவர் “கென்ட்டின் ஒரு அரசருடைய மகன்” என்கிறார். அவர் இதை எழுதுவது 589 நிகழ்வுகளை ஒட்டி. முப்பது ஆண்டாக அரியணையில் இருப்பவரை அப்படிச் சொல்ல மாட்டார்கள். பெர்த்தாவின் தந்தை சாரிபெர்ட் பாரிஸில் அரசரானதே 561ல்தான். அந்த 56 எதல்பெர்ட்டின் ஆட்சிக்காலம் அல்ல, இறக்கும்போது அவருடைய வயது என்று பலர் கருதுகிறார்கள். எனக்கும் அதுவே பொருத்தமாகப் படுகிறது. பொதுவான விதி இது: உள்நாட்டில் நூறு ஆண்டு கழித்து எழுதியவரைவிட, வெளிநாட்டில் அதே காலத்தில் எழுதியவர் மேல்.

இன்னொரு சின்னச் சிக்கல், வாசகர்களை அடிக்கடி குழப்புவது. வடக்கே நார்தம்பிரியாவை ஆண்ட எட்வின் ஹாட்ஃபீல்ட் போரில் இறந்தது 633 அக்டோபர் 12 என்று ஒரு புத்தகத்திலும் 632 அக்டோபர் 12 என்று இன்னொன்றிலும் இருக்கும். அச்சுப்பிழை இல்லை. பீட் ஆண்டின் தொடக்கத்தை ஜனவரியில் வைத்தாரா, ரோமானிய வரிச்சுற்றுக் கணக்கின்படி செப்டம்பரில் வைத்தாரா என்பதில் கருத்து வேறுபாடு இருக்கிறது. செப்டம்பர் என்று கொண்டால், இலையுதிர் காலச் சம்பவங்கள் எல்லாம் நம் கணக்கில் ஓராண்டு முந்தையவை ஆகும். செப்டம்பர் முதல் டிசம்பர் வரையிலான தேதிகளில் இரண்டு நூல்கள் ஓராண்டு முரண்பட்டால் காரணம் பெரும்பாலும் இதுவாகத்தான் இருக்கும்.

பட்டியலிலிருந்து ஆட்களை எடுத்துவிட்டதற்கு நேரடி வாக்குமூலமே இருக்கிறது. எட்வின் இறந்ததும் நார்தம்பிரியா இரண்டாகப் பிளந்தது. தெற்குப் பாதியான டெய்ராவை ஆஸ்ரிக்கும் வடபாதியான பெர்னிசியாவை ஈன்ஃப்ரித்தும் பிடித்தார்கள். இருவரும் கிறிஸ்தவத்தைக் கைவிட்டுப் பழைய தெய்வங்களுக்குத் திரும்பினார்கள். ஓராண்டுக்குள் இருவரையும் வேல்ஸின் குவினெட் அரசன் கட்வல்லன் கொன்றான். அரசர்களின் காலத்தைக் கணக்கிடுவோர் எல்லோரும் ஒத்துப்பேசி, அந்த இருவரின் நினைவையே நீக்கி, அந்த ஆண்டை அடுத்து வந்த ஆஸ்வால்டின் கணக்கில் சேர்த்தார்கள் என்று பீட் ஒளிவுமறைவின்றி எழுதுகிறார். ஆஸ்வால்ட் உண்மையில் ஆண்டது 634 முதல் 642 வரை. பட்டியலில் அவருக்கு ஒன்பது ஆண்டு. பீட் சொல்லியிருக்காவிட்டால் இந்த ஒட்டு நமக்குத் தெரிந்தே இருக்காது. மற்ற அரசுகளில் இதுபோல எத்தனை ஒட்டுகள் நடந்திருக்கும்! சசெக்ஸில் 491க்குப் பிறகு எல்லேயின் குடும்பம் ஆவணங்களிலிருந்து முற்றிலும் மறைகிறது. அடுத்த அரசர் எதல்வால்க் தலைகாட்டுவது 7ஆம் நூற்றாண்டின் பின்பாதியில். நடுவே நூற்றைம்பது ஆண்டுக்கு மேல் வெற்றிடம்.

ராஜ்ஜியம் என்றால் எவ்வளவு ரொட்டி?

ஏழு நிற வரைபடத்தின் பெரிய கெடுதல், எல்லைக்கோடுகளைக் காட்டுவது. ஏழு அரசுகள் என்ற கணக்கை 12ஆம் நூற்றாண்டு வரலாற்றாசிரியர் ஹண்டிங்டனின் ஹென்றியோடு சேர்த்துச் சொல்வது வழக்கம். 7ஆம் நூற்றாண்டில் வாழ்ந்தவர்கள் நாட்டை அப்படிப் பார்க்கவில்லை. யார் யாருக்கு உணவு கொடுக்க வேண்டும் என்பதுதான் அவர்களுடைய வரைபடம்.

அளவுகோல் ஹைட். ஒரு குடும்பம் பிழைக்கத் தேவையான நிலம் என்று பீட் இதை விளக்குகிறார். ஏக்கரில் நிலையான அளவு கிடையாது. மண் வளத்தைப் பொறுத்து மாறும். ஏக்கருக்கு மாற்ற முயல்வது வீண் வேலை. இது வரி மதிப்பு, பரப்பளவு அல்ல.

வெசெக்ஸ் அரசர் இனே 688க்கும் 694க்கும் இடையில் வெளியிட்ட சட்டத்தில், 10 ஹைட் நிலத்திலிருந்து அரசருக்குச் சேர வேண்டிய உணவு இப்படி வரையறுக்கப்பட்டிருக்கிறது: 10 தொட்டி தேன், 300 ரொட்டி, வெல்ஷ் ஏல் (ஏல் ஒருவகை பீர்) 12 ஆம்பர், தெளிந்த ஏல் 30 ஆம்பர், வளர்ந்த மாடு 2 அல்லது காயடித்த செம்மறிக் கடா 10, வாத்து 10, கோழி 20, பாலாடைக்கட்டி 10, வெண்ணெய் ஒரு ஆம்பர் நிறைய, சால்மன் மீன் 5, தீவனம் 20 பவுண்டு எடை, விலாங்கு மீன் 100. ஆம்பர் என்பது அந்தக் காலத்து முகத்தலளவை. இந்த உணவுப் படிக்கு ஃபியோர்ம் என்று பெயர்.

ஏல் கெடும், ரொட்டி பூசணம் பிடிக்கும். பத்து இடங்களிலிருந்து ஒரே தலைநகருக்கு வண்டியில் ஏற்றி வர முடியாது. ஆகவே சாப்பாட்டை அரசரிடம் கொண்டுவருவதற்குப் பதில் அரசர் பரிவாரத்தோடு சாப்பாட்டைத் தேடிப் போனார். ஒரு மாளிகையில் சில நாள், தீர்ந்ததும் அடுத்தது. நார்தம்பிரியாவின் யீவரிங் அப்படிப்பட்ட ஓர் இடம். 1949ல் வானிலிருந்து எடுத்த படத்தில் தடம் தெரிந்து, 1952 முதல் அகழ்ந்தார்கள். பெரிய மரக் கூடமும், ஆப்பு வடிவில் படிப்படியாக உயரும் பார்வையாளர் மேடையும், கால்நடைகளை அடைக்கும் பெரிய வளாகமும் வெளிவந்தன. எட்வினின் ஆயர் பவுலினஸ் இங்கே 36 நாள் தங்கி, பக்கத்து கிளென் ஆற்றில் காலை முதல் மாலை வரை ஞானஸ்நானம் கொடுத்தார் என்று பீட் சொல்வது நடைமுறைக்குப் பொருந்துகிறது. எட்வினும் அவர் அரசியும் உடன் இருந்தார்கள். 36 நாள் கூட்டத்துக்குச் சோறு போட அந்த வளாகத்துக் கால்நடைகள் வேண்டும்.

இப்போது ‘குடி ஹைட் பட்டியல்’ என்ற ஆவணத்தை எடுப்போம். மூலம் 7 அல்லது 8ஆம் நூற்றாண்டைச் சேர்ந்ததாக இருக்கலாம். நமக்குக் கிடைத்த மிகப் பழைய பிரதி 11ஆம் நூற்றாண்டு. மெர்சியாவுக்கு 30,000 ஹைட், கிழக்கு ஆங்கிலியாவுக்கு 30,000, கென்ட்டுக்கு 15,000, எசெக்ஸுக்கும் சசெக்ஸுக்கும் தலா 7,000. இவற்றுக்கு நடுவே யாரும் கேள்விப்படாத பெயர்கள்: பெக்ஸெட்டே 1,200, எல்மெட்ஸெட்டே 600, ஸ்பால்டா 600, ஹிக்கா 300, கிஃப்லா 300. ஏழு நிற வரைபடத்தில் இவர்களுக்கு இடமே கிடையாது. ஆனால் வரி வாங்குகிறவனுக்கு இவர்களும் தனித்தனிக் குடிகள். இனேயின் விகிதத்தை ஒரு ஒப்பீட்டுக்கு மட்டும் ஹிக்காவின் 300 ஹைட் மீது போட்டால் 9,000 ரொட்டியும் 3,000 விலாங்கும் வரும். இது வெசெக்ஸ் விகிதம், அப்படியே பொருந்தாது. ஆனாலும் சிறு குடி ஒன்றை அடக்கி வைப்பதில் என்ன லாபம் என்பது புரியும்.

இந்தப் பட்டியலிலும் பொறிகள் உண்டு. உறுப்புகளைக் கூட்டினால் 244,100. ஆவணத்தில் கொடுத்திருக்கும் கூட்டுத்தொகை 242,700. வெசெக்ஸுக்கு மட்டும் 100,000 என்ற உருண்டை எண். பக்கத்து அரசுகளோடு ஒப்பிட்டால் இது நம்பத்தகாத பெரிய தொகை. வெசெக்ஸ் வளர்ந்த பிறகு யாரோ திருத்தியதாக இருக்க வேண்டும், அல்லது தண்டனையாகப் போட்ட கப்பமாக இருக்க வேண்டும். நார்தம்பிரியா பட்டியலிலேயே இல்லை. மெர்சியா வாங்கிய கப்பம் என்றால், அதன் பிடி வடக்கே எட்டாததால் இல்லை. நார்தம்பிரியா வாங்கிய கப்பம் என்றால், தன்னிடமே தான் வாங்க முடியாது என்பதால் இல்லை. இரண்டு கட்சிக்கும் ஆள் இருக்கிறார்கள். மெர்சியாவின் 30,000 முதல் வரியிலேயே வருவதால் நான் அதை மெர்சியாவின் ஆவணம் என்ற பக்கம் சாய்கிறேன், உறுதியாக அல்ல.

படையின் அளவுக்கும் இனே ஒரு வரையறை தருகிறார். ஏழு பேர் வரை திருடர்கள். ஏழு முதல் முப்பத்தைந்து வரை கும்பல். அதற்கு மேல் போனால் படை. 36 பேர் சேர்ந்தால் சட்டப்படி படைதான்! செர்டிக் ஐந்து கப்பலில் வந்தார் என்பதைக் கேட்டுச் சிரிக்க வேண்டியதில்லை. கதை பொய் என்றாலும் அளவு அந்தக் காலத்துக்குப் பொருத்தமானதே.

கட்டை விரல் 20 ஷில்லிங்

எதல்பெர்ட்டின் சட்டம் ஆங்கில மொழியில் எழுதப்பட்டவற்றில் மிகப் பழைய சட்டம். 12ஆம் நூற்றாண்டில் ரோசெஸ்டரில் எழுதிய ஒரே ஒரு பிரதியில் தப்பிப் பிழைத்திருக்கிறது. அரசர் என்பவர் என்ன செய்தார் என்று அறிய வேண்டுமானால் போர்க் கதைகளைவிட இதைத்தான் படிக்க வேண்டும்.

கட்டை விரலை வெட்டினால் 20 ஷில்லிங், கட்டை விரல் நகம் 3, நடுவிரல் 4, மோதிர விரல் 6, சுண்டு விரல் 11. முன்பற்கள் நான்கும் தலா 6, அடுத்த பல் 4, அதற்கடுத்தது 3, மிச்சமெல்லாம் தலா 1. கண் 50, பாதம் 50, காலின் கட்டை விரல் 10. சாதாரண சுதந்திர மனிதனின் உயிருக்கு 100. கொன்றவன் குழி மூடும் முன்பே 20 ஷில்லிங் தர வேண்டும். மீதியை 40 இரவுகளுக்குள் கட்ட வேண்டும். அவன் நாட்டை விட்டு ஓடிவிட்டால் சொந்தக்காரர்கள் பாதி கொடுக்க வேண்டும்.

இதில் அரசருக்கு என்ன வேலை? சுதந்திர மனிதனைக் கொன்றால், குடும்பத்துக்குப் போவது போக, அரசருக்குத் தனியாக 50 ஷில்லிங். அரசரிடம் திருடினால் ஒன்பது மடங்கு. ஆயரிடம் திருடினால் பதினொரு மடங்கு, திருச்சபையின் சொத்தென்றால் பன்னிரண்டு மடங்கு. அரசரைவிட ஆயர் மேலே! சட்டத்தை எழுதிக் கொடுத்த பேனா யாருடையது என்று தனியாகச் சொல்ல வேண்டியதில்லை. காவலோ நீதிமன்றமோ இல்லாத இடத்தில், பழிவாங்கலைப் பணமாக மாற்றி அதில் ஒரு பங்கைத் தனக்கு எடுத்துக்கொள்ளும் நடுவர். எதல்பெர்ட்டின் அரசாட்சி பெரும்பாலும் அதுதான்.

புதைகுழிக்குப் பெயர் வைப்பதில் அவசரம்

1939ல் கிழக்கு ஆங்கிலியாவின் சட்டன் ஹூவில் பாசில் பிரவுன் தோண்டிய முதலாம் மேட்டில் 27 மீட்டர் நீளக் கப்பலின் அச்சு மணலில் பதிந்திருந்தது. மரம் மக்கிவிட்டது, இரும்பு ஆணிகளின் வரிசை மட்டும் மிச்சம். உடலும் இல்லை, அமில மண் கரைத்துவிட்டது. பணப்பையில் 37 பிரான்க் பொற்காசுகள், முத்திரை இல்லாத 3 தகடுகள், 2 சிறு கட்டிகள். 37 காசுகளில் ஒவ்வொன்றும் வெவ்வேறு அக்கசாலையில் அடித்தது. வியாபாரத்தில் சேர்ந்த பணம் இப்படி இருக்காது, தேர்ந்தெடுத்துச் சேர்த்தது. காசுகளின் காலம் சுமார் 610 முதல் 635 வரை. கிழக்கு ஆங்கிலியாவின் ரெட்வால்ட் 624 வாக்கில் இறந்தார். ஒரே கோயிலில் கிறிஸ்துவுக்கு ஒரு பலிபீடமும் பழைய தெய்வங்களுக்கு ஒன்றும் வைத்திருந்தவர் அவர். பீட் அரச ஊர் என்று குறிப்பிடும் ரெண்டில்ஷம் சில கிலோமீட்டர் தூரத்தில்தான் இருக்கிறது. எல்லாம் பொருந்துகிறது. ஆனால் அதே காசுக் காலத்துக்குள் அவர் மகன் எயோர்ப்வால்டும் வருகிறார், சிகெபெர்ட்டும் வருகிறார். ரெட்வால்ட் என்பது வலுவான ஊகம். அவ்வளவே.

ஊகம் எப்படிச் சறுக்கும் என்பதற்கு எசெக்ஸின் பிரிட்டில்வெல் புதைகுழி. 2003ல் கண்டெடுத்தபோது, தங்கத் தகட்டில் சிலுவைகள் இருந்ததால் கிறிஸ்தவரான முதல் எசெக்ஸ் அரசர் செபெர்ட் என்று பேசப்பட்டது. அவர் இறந்தது 616ல். பல ஆண்டு ஆய்வுக்குப் பின் 2019ல் வெளியான காலக்கணிப்பு 575க்கும் 605க்கும் இடையே போய் நின்றது. செபெர்ட் விழுந்தார், அவர் சகோதரர் சீக்ஸாவாக இருக்கலாம் என்று இப்போது பேச்சு.

யார் யாருக்கு மேல்

ஹம்பர் ஆற்றுக்குத் தெற்கே எல்லா அரசுகளுக்கும் மேலாக இருந்த ஏழு பேரைப் பீட் வரிசைப்படுத்துகிறார்: எல்லே, சியாவ்லின், எதல்பெர்ட், ரெட்வால்ட், எட்வின், ஆஸ்வால்ட், ஆஸ்வியூ. கடைசி மூவர் பீட்டின் சொந்த நாடான நார்தம்பிரியாவின் ஆட்கள். மெர்சியாவிலிருந்து ஒருவர்கூட இல்லை.

மெர்சியாவின் பெண்டா, கட்வல்லனோடு சேர்ந்து எட்வினைக் கொன்றார், 642ல் ஆஸ்வால்டைக் கொன்று உடலைத் துண்டாக்கிக் கம்பங்களில் மாட்டினார், கிழக்கு ஆங்கிலியாவின் சிகெபெர்ட், எக்ரிக், அன்னா மூவரும் அவர் படையிடம்தான் மடிந்தார்கள். தன் தங்கையை மணந்து கைவிட்ட வெசெக்ஸ் அரசர் கென்வாலை நாட்டை விட்டே துரத்தினார். 655 நவம்பர் 15ல் வின்வெட் போரில் அவர் ஆஸ்வியூவிடம் தோற்று இறந்தபோது, அவர் பக்கம் முப்பது படைப்பிரிவுகள், ஒவ்வொன்றுக்கும் அரச நிலையுள்ள ஒரு தலைவர் என்கிறது பீட்டின் கணக்கு. பெண்டா கிறிஸ்தவரல்ல, அதனால் விட்டுவிட்டார் என்று சமாதானம் சொல்லலாம். எல்லேயும் சியாவ்லினும் கிறிஸ்தவர்களா? தவிர 731ல் பீட் எழுதி முடித்தபோது ஹம்பருக்குத் தெற்கே எல்லோரும் மெர்சியாவின் எதல்பால்டுக்குக் கட்டுப்பட்டவர்கள் என்று அவரே சொல்கிறார். ஏழு பேர் பட்டியலில் அந்த எதல்பால்டும் இல்லை.

இந்த இடத்தில் கதை நூல்களை மூடிவிட்டு நிலப் பட்டயங்களைத் திறக்க வேண்டும். 736ல் எதல்பால்ட், இஸ்மியர் என்ற இடத்தில் 10 ஹைட் நிலம் கொடுத்த பட்டயம் மூலப் பிரதியாகவே இருக்கிறது. பட்டயத்தின் உடல்பகுதியில் அவர் “மெர்சியர்களுக்கு மட்டுமல்ல, தெற்கு ஆங்கிலேயர் எனப்படும் எல்லா நாடுகளுக்கும் அரசர்”. சாட்சிக் கையொப்பத்தில் “பிரிட்டனின் அரசர்”. அதே பட்டயத்தில் எதல்ரிக் என்பவர் சிற்றரசர் என்ற பட்டத்தோடு சாட்சி போடுகிறார். அவர் ஹுவிக்கே நாட்டின் அரச குடும்பத்தவர்; அவருடைய முன்னோர் அரசர்கள் என்றே அழைக்கப்பட்டவர்கள். மெர்சிய அரசர் ஒஃபாவின் காலத்தில் (757–796) அதே குடும்பத்து ஈல்ட்ரெட், “என் சிற்றரசர், தன் மக்களின் தலைவர்” என்று பட்டயத்தில் குறிக்கப்படுகிறார். பிறகு ஹுவிக்கேக்கு அரசர் பட்டமே இல்லை. போரில்லாமல் ஒரு ராஜ்ஜியம் கரைந்துபோவதை இப்படிப் பட்டங்களின் இறக்கத்தில்தான் காண முடியும். பட்டயம் படிக்கும்போது இரண்டைக் குறித்துக்கொள்ளுங்கள்: கொடுப்பவரின் பட்டம் உடலிலும் கையொப்பத்திலும் ஒன்றுதானா, ஒப்புதல் கொடுப்பவராக மேலே இன்னொரு அரசர் நிற்கிறாரா. நிற்கிறார் என்றால், கொடுப்பவர் தன் நிலத்தைத் தன் விருப்பப்படி கொடுக்க முடியாதவர்.

பீட்டின் ஏழு பேர் பட்டியலை ஆண்டுக்குறிப்பு அப்படியே எடுத்துக்கொண்டு, 829ல் மெர்சியாவை வென்ற வெசெக்ஸ் அரசர் எக்பெர்ட்டை எட்டாமவராகச் சேர்த்தது. இடையில் ஆண்ட எதல்பால்டும் ஒஃபாவும் இங்கும் இல்லை. மறு ஆண்டுப் பதிவு, 830: மெர்சியாவின் விக்லாஃப் தன் அரசை மீண்டும் பெற்றார்.